பழைய குற்றமும் ஆவணப்படமும்: படம் எந்தக் கேள்வியோடு தொடங்க வேண்டும்?

நிழற்படிவம் (இழையைத் தொடங்கியவர்)

பல பத்தாண்டுகளுக்கு முன் நடந்து, வழக்காகி, யாருக்கும் தண்டனையின்றி முடிந்துபோன ஒரு கொலையைப் பற்றி ஆவணப்படம் எடுக்கும் பணியில் இருக்கிறேன். தொடர்புடையவர்களின் பிள்ளைகளும் பேரப்பிள்ளைகளும் இன்று வாழ்ந்துகொண்டிருப்பதாலும், அவர்களில் சிலர் பேசுவதற்கு இன்னும் ஒப்புக்கொள்ளாததாலும் வழக்கின் விவரங்களை இங்கே எழுதப் போவதில்லை. தீர்ப்பின் நகல், சாட்சியங்களில் ஒரு பகுதி, அக்காலச் செய்தித்தாள் நறுக்குகள் ஆகியவை கைவசம் உள்ளன.

முதலீடு செய்ய முன்வந்துள்ள தரப்பு, கொன்றவர் யார் என்பதைக் கடைசிப் பத்து நிமிடங்களில்தான் வெளிப்படுத்த வேண்டும் என்கிறது. கொன்றவர் யார் என்பது அன்றைக்கே பலரும் அறிந்த செய்தி. பலரும் அறிந்த ஒன்று எந்த ஆவணத்திலும் ஏறாமல் போனது எப்படி என்பதுதான் என்னைத் துரத்தும் கேள்வி. நான் பார்த்த குற்ற ஆவணப்படங்களில் பெரும்பாலானவை, இயக்குநருக்கு முன்பே தெரிந்ததைப் பார்வையாளருக்குத் தவணை முறையில் விடுவிக்கும் அமைப்புடையவை. மறக்கப்பட்ட வரலாறு ஒன்றுக்கு அந்த அமைப்பு பொருந்துமா?

வேறு இரண்டு ஐயங்களும் உண்டு. கொலை நடந்த இரவைப் பற்றிய படமோ ஒலிப்பதிவோ எதுவும் இல்லாத நிலையில், மறுநடிப்பை, அதாவது நடந்ததை நடிகர்களைக் கொண்டு நடித்துக்காட்டுவதை, தவிர்த்துவிட்டு அந்த இரவை எவ்வாறு காட்டுவது? தேடலின்போது வழக்கையே திருப்பிப்போடும் புதிய ஆதாரம் கிடைத்தால், படம் வெளிவரும்வரை அதை வெளியே சொல்லாமல் வைத்திருப்பது முறையா? அனுபவமுள்ளவர்கள் தங்கள் கருத்தைச் சொல்ல வேண்டும்.

கடைசிவரிசை

நான் படம் எடுப்பவன் அல்லன், பார்ப்பவன். அந்த நிலையிலிருந்தே சொல்கிறேன்: முதலீட்டாளர் கேட்பதில் தவறில்லை. ‘யார் செய்தது’ என்ற கேள்வி இல்லாத படத்தை வரலாற்று மாணவர்கள் பார்ப்பார்கள், அதற்குமேல் யாரும் பார்க்க மாட்டார்கள். கவனிக்கப்படாத வரலாறு என்பதே போதிய பேர் கவனிக்காததால் வந்த நிலைதானே? அதைக் கவனிக்க வைக்கும் கருவியைக் கையில் வைத்துக்கொண்டு, அது மலிவானது என்று ஒதுக்குவதில் எனக்கு உடன்பாடில்லை.

எரோல் மாரிஸின் ‘தி தின் புளூ லைன்’ படத்தை எடுத்துக்கொள்ளுங்கள். 1976-இல் டாலஸ் நகரக் காவலர் ஒருவர் சுட்டுக்கொல்லப்பட்ட வழக்கில் ராண்டல் ஆடம்ஸ் என்பவருக்கு மரண தண்டனை விதிக்கப்பட்டு, பின்னர் அது ஆயுள் தண்டனையாகக் குறைக்கப்பட்டது. 1988-இல் படம் வெளிவந்தது. 1989-இல் அவர் விடுதலையானார். அது முழுக்க முழுக்கத் துப்பறியும் கதையின் விறுவிறுப்போடு நகர்கிற படம், மறுநடிப்பும் அதில் தாராளமாக உண்டு. அந்த விறுவிறுப்பு இல்லாதிருந்தால் அந்த மனிதர் இன்னும் எத்தனை ஆண்டுகள் சிறையில் இருந்திருப்பார்?

வெட்டுமேசை

நண்பர் கடைசிவரிசை எடுத்துக்காட்டிய படம் சரியானது. அதிலிருந்து அவர் வந்தடைந்த முடிவுதான் சரியில்லை என்பது என் எண்ணம். படத்தொகுப்பைத் தொழிலாகக் கொண்டவன் என்பதால் சற்று விரிவாகவே எழுத நேர்கிறது.

அந்தப் படத்தின் மறுநடிப்புக் காட்சிகளை மீண்டும் ஒருமுறை கவனித்துப் பாருங்கள். ‘நடந்தது இதுதான்’ என்று இயக்குநர் தன் முடிவை நடித்துக்காட்டும் காட்சியாக அவை அமையவில்லை. ஒவ்வொரு காட்சியும் யாரோ ஒரு சாட்சி சொன்னதன் உருவம். உடன் சென்ற பெண் காவலர் வண்டியை விட்டு இறங்கி நின்றாரா, உள்ளேயே அமர்ந்திருந்தாரா என்பது சாட்சியத்துக்குச் சாட்சியம் மாறும்போது, அதே சாலையும் அதே இரவும் மீண்டும் வேறு விதமாக வருகின்றன. ஒன்றை மற்றொன்று மறுத்துக்கொண்டே போவதால், எந்தச் சொற்களை நம்பி ஒரு மனிதருக்கு மரண தண்டனை விதிக்கப்பட்டதோ அந்தச் சொற்களின் உறுதியின்மை பார்வையாளரின் கண்ணெதிரே நிறுவப்படுகிறது. இன்றைய தொலைக்காட்சித் தொடர்களில் காணும் மறுநடிப்பு இதற்கு நேர்மாறானது. ஆதாரம் இல்லாத இடைவெளியை மங்கலான வெளிச்சத்தாலும் ஓடும் கால்களாலும் நிரப்பி, அங்கே ஏதோ ஆதாரம் இருந்ததாகப் பார்ப்பவரை நம்ப வைக்கும் வேலையையே அது செய்கிறது. நிழற்படிவம் கேட்ட இரண்டாவது கேள்விக்கு என் விடை இதுதான்: ஒருவரின் சாட்சியத்தை நடித்துக்காட்டலாம், ஆனால் அது யாருடைய சாட்சியம் என்பது பார்வையாளருக்குத் தெரிய வேண்டும். உங்கள் ஊகத்தை நடித்துக்காட்டாதீர்கள்.

மாரிஸ் அந்த வழக்கைத் தேடிப் போகவில்லை என்பதும் இங்கே பொருத்தமானது. மரண தண்டனை வழக்குகளில் ‘இவர் மீண்டும் கொல்வார்’ என்று தொடர்ந்து சாட்சியம் அளித்துவந்த மனநல மருத்துவர் ஒருவரைப் பற்றியே அவர் படமெடுக்க வந்தார். அதற்காகக் கைதிகளைச் சந்தித்தபோதுதான் ஆடம்ஸை அறிந்தார். நிறுவனம் ஒன்று எப்படி இயங்குகிறது என்ற கேள்வியோடு உள்ளே போனவருக்குக் கொன்றவர் யார் என்ற விடை வழியில் கிடைத்தது. அந்த விடையும் எப்படி வந்தது? உண்மையில் சுட்டவராகப் படம் சுட்டிக்காட்டும் இளைஞருடனான கடைசி நேர்காணலின்போது கேமரா பழுதடைந்ததால், அவருடைய குரல் மட்டுமே பதிவானது. படத்தின் முடிவில் நாம் காண்பது ஓர் ஒலிப்பதிவுக் கருவியை மட்டுமே. அதற்குமேல் அங்கே எதுவும் தேவைப்படவும் இல்லை.

தொகுப்பு மேசையின் ஆபத்தை அறிய விரும்புவோர் ‘தி ஜின்க்ஸ்’ தொடரின் முடிவை ஆராய வேண்டும். கொலைகளில் சந்தேகிக்கப்பட்ட அமெரிக்கச் செல்வந்தர் ராபர்ட் டர்ஸ்ட் கழிவறைக்குள் தனியாக இருக்கும்போது, சட்டையில் பொருத்திய ஒலிவாங்கி அணைக்கப்படாததால் பதிவான முணுமுணுப்பு அது. ‘நான் என்ன செய்தேன்?’ என்று அவர் தன்னையே கேட்டுக்கொண்டு, ‘எல்லாரையும் கொன்றேன்’ என்று உடனே விடையும் சொல்வதாகத் தொடர் காட்டியது. 2019-இல் நீதிமன்ற ஆவணங்கள் வழியாக அந்த ஒலிப்பதிவின் முழு எழுத்துவடிவம் வெளிவந்தபோது, அவ்வரிகள் அவ்வரிசையிலோ அருகருகேயோ சொல்லப்பட்டவை அல்ல என்பது தெரிந்தது. 2021-இல் அவர் கொலைக் குற்றவாளி எனத் தீர்ப்பானது வேறு செய்தி. அவர் குற்றவாளி என்பதால் அந்த வெட்டு சரியாகிவிடாது. கடைசிப் பத்து நிமிடத்துக்காக ஒரு படத்தைக் கட்டினால், அந்தப் பத்து நிமிடத்தைக் கூர்மையாக்கும் ஆசை தொகுப்பாளரின் கையை இழுக்கும். எனக்கு அந்த இழுப்பு நன்றாகவே தெரியும்.

மூலப்படி

ஆவணக் காப்பகப் பணியில் இருப்பவன் என்ற முறையில், ‘எந்த ஆவணத்திலும் ஏறவில்லை’ என்ற தொடரை மட்டும் எடுத்துக்கொள்கிறேன். குற்ற வழக்கின் கோப்பில் இல்லை என்றால் எங்குமே இல்லை என்று பொருளாகாது. கோப்பில் ஏறாதவை வேறு பெயர்களில், வேறு நோக்கங்களுக்காக எழுதப்பட்ட தாள்களில் ஒளிந்துகொண்டிருக்கும்.

1921 மே 31 மாலை முதல் ஜூன் 1 வரை ஓக்லஹோமா மாநிலத்துத் துல்சா நகரில் கிரீன்வுட் என்ற கறுப்பினத்தவர் குடியிருப்பு தாக்கி எரிக்கப்பட்டது. ஆயிரத்துக்கும் மேற்பட்ட வீடுகள் சாம்பலாயின. இறந்தவர்களாகச் சான்றுகளால் உறுதிசெய்யப்பட்டவர்கள் சில பத்துப் பேர்தான். உண்மை எண்ணிக்கை 300 வரை இருக்கலாம் என்ற மதிப்பீடுகள் உண்டு. இக்கொலைகளுக்காகவும் தீவைப்புக்காகவும் தாக்கியவர்களில் ஒருவர்கூடத் தண்டிக்கப்படவில்லை. மாநில அரசு அமைத்த ஆணையம் அறிக்கை தந்தது 2001-இல், அதாவது எண்பது ஆண்டுகள் கழித்து.

இப்படிப்பட்ட ஒன்றைப் படமாக்க வருபவர் முதலில் தேடுவது செய்தித்தாள். துல்சா ட்ரிப்யூன் என்ற மாலை நாளிதழின் மே 31 இதழ் நுண்படச்சுருளில் கிடைக்கிறது. ஆனால் கலவரத்தைத் தூண்டியதாகக் கருதப்படும் முதல் பக்கச் செய்தியும் தலையங்கப் பக்கத்தின் பெரும்பகுதியும், நுண்படம் எடுப்பதற்கு முன்பே தாளிலிருந்து அகற்றப்பட்டிருக்கின்றன. அந்தக் கிழிந்த தாளைப் படத்தில் நிதானமாகக் காட்டினாலே போதும், மறதி தானாக வந்ததில்லை என்பது விளங்கிவிடும்.

தாக்கியவர்களுக்குக் குற்ற வழக்கில் தண்டனை இல்லை என்றாலும் உரிமையியல் வழக்கு நடந்தது. கிரீன்வுட்டில் திரையரங்கும் விடுதியும் வைத்திருந்த வில்லியம் ரெட்ஃபெர்ன் என்ற வெள்ளையர், காப்பீட்டுத் தொகை மறுக்கப்பட்டதால் காப்பீட்டு நிறுவனத்தின்மீது வழக்குத் தொடர்ந்தார். கலவரத்தால் நேரும் இழப்புக்குத் தொகை இல்லை என்ற விதியைக் காட்டி நிறுவனம் வென்றது; மாநில உச்ச நீதிமன்றம் 1926-இல் அதை உறுதிசெய்தது. அவர் தோற்ற அந்த வழக்கின் பதிவில்தான், தீ வைத்தவர்கள் யார், அவர்களில் காவல்துறையின் அடையாளச் சின்னம் அணிந்தவர்கள் இருந்தார்களா என்பவை குறித்துச் சாட்சிகள் சத்தியம் செய்து சொன்னவை உள்ளன. கொலையை விசாரிக்க மறுத்த அமைப்பு, பணத்தைப் பற்றிய தகராறை அக்கறையோடு விசாரித்திருக்கிறது. காப்பீடு, சொத்து மாற்றம், வாரிசுரிமை, ஓய்வூதிய மறுப்பு, கல்லறைப் பதிவேடு ஆகியவற்றைத் தேடாமல் ‘ஆவணம் இல்லை’ என்று யாரும் படத்தில் சொல்லிவிடக் கூடாது.

இன்னொன்று. சாலமன் சர் ஜோன்ஸ் என்ற கறுப்பினப் பாதிரியார் 1924 முதல் 1928 வரை ஓக்லஹோமாவின் கறுப்பின மக்களைத் தன் கேமராவில் பதிவுசெய்த ஒலியற்ற படச்சுருள்கள் இன்று யேல் பல்கலைக்கழக நூலகத்தில் உள்ளன. தேவாலயத்திலிருந்து வெளியே வருபவர்கள், கடைவாசல்கள், ஊர்வலங்கள் என அன்றாட வாழ்க்கை அவற்றில் இருக்கிறது. குற்ற ஆவணப்படங்கள் கொல்லப்பட்டவர்களை உடலாகவே அறிமுகப்படுத்தி உடலாகவே முடித்துவிடுகின்றன. அவர்கள் எதை இழந்தார்கள் என்பதற்கான ஆவணத்தையும் தேடுங்கள் என்பதற்காகவே இதைச் சொல்கிறேன்.

குறுக்குவிசாரணை

மூன்றாவது கேள்வி சட்டம் சார்ந்தது என்பதால் நான் எழுதுகிறேன். நாட்டுக்கு நாடு சட்டம் வேறுபடும்; நான் சுட்டுவன அமெரிக்க வழக்குகள். அவை காட்டும் சிக்கல் எங்கும் வரக்கூடியதே.

எடிட் செய்யப்படாத பதிவுகளைத் தர வேண்டும் என்று நீதிமன்றம் கேட்டால் படமெடுப்பவர் மறுக்க முடியுமா என்பதில் நேரெதிரான இரண்டு முடிவுகள் உள்ளன. ஈக்வடோர் நாட்டின் எண்ணெய் மாசு குறித்து ஜோ பெர்லிங்கர் எடுத்த ‘குரூட்’ படத்தின் வெளியிடப்படாத பதிவுகளை ஒப்படைக்கும்படி 2010-இல் உத்தரவானது. பாதிக்கப்பட்டவர்களின் வழக்கறிஞரே இந்தப் படத்தை எடுக்கும்படி அவரை அணுகியிருந்தார் என்பதையும், அத்தரப்பு கேட்டுக்கொண்டதற்கு இணங்க ஒரு காட்சி மாற்றப்பட்டது என்பதையும் சுட்டிக்காட்டிய மேல்முறையீட்டு நீதிமன்றம், அவர் தன் சுதந்திரத்தை நிறுவவில்லை என்று கூறி, செய்தியாளருக்குரிய பாதுகாப்பை மறுத்தது. மறுபுறம், 1989-ஆம் ஆண்டின் வன்கொடுமை வழக்கில் தவறாகத் தண்டிக்கப்பட்டு, 2002-இல் தீர்ப்பு ரத்தான ஐந்து பேரைப் பற்றிய ‘தி சென்ட்ரல் பார்க் ஃபைவ்’ படத்தின் பதிவுகளை நியூயார்க் நகர நிர்வாகம் கேட்டபோது, 2013-இல் நீதிபதி அதை நிராகரித்தார். படமெடுத்தவர்களுக்கு அந்த ஐவர்மீது அனுதாபம் இருந்தது உண்மைதான். அனுதாபம் கொள்வது வேறு, ஒரு தரப்பின் கருவியாக இருப்பது வேறு. ஆகவே நிழற்படிவம் அவர்களே, உங்கள் முதலீட்டாளருக்கோ பாதிக்கப்பட்ட குடும்பத்துக்கோ இறுதித் தொகுப்பில் வெட்டும் உரிமையை எழுத்தில் கொடுத்துவிடாதீர்கள். குடும்பத்துக்குக் காட்டலாம், கேட்கலாம், பிழையைத் திருத்தலாம். முடிவெடுப்பவர் நீங்களே என்பது ஒப்பந்தத்தில் தெளிவாக இருக்கட்டும்.

ஆதாரம் கிடைத்தால் என்ன செய்வது? 1993-இல் அமெரிக்காவின் வெஸ்ட் மெம்ஃபிஸ் நகரில் மூன்று சிறுவர்கள் கொல்லப்பட்ட வழக்கைப் பற்றிய ‘பாரடைஸ் லாஸ்ட்’ படப்பிடிப்பின்போது, ஒரு சிறுவனின் வளர்ப்புத் தந்தை படக்குழுவினர் ஒருவருக்குக் கத்தி ஒன்றைப் பரிசளித்தார். அதில் இரத்தம் போன்ற தடயம் இருந்ததைக் கண்டதும் குழு அதை ஒப்படைத்தது. வழக்கு நடந்துகொண்டிருக்கும்போதே அது நீதிமன்றத்துக்கு வந்தது. அது சரியான நடைமுறை. ‘தி ஜின்க்ஸ்’ குழு, கொலையைக் காவல்துறைக்கு அறிவித்த பெயரற்ற கடிதத்தோடு கையெழுத்தும் எழுத்துப்பிழையும் ஒத்துப்போகும் டர்ஸ்டின் கடிதத்தைக் கண்டெடுத்ததற்கும், தொடரின் இறுதிப் பகுதி ஒளிபரப்பாவதற்கு முந்தைய நாள் டர்ஸ்ட் கைதானதற்கும் இடையே ஆண்டுகள் ஓடியிருந்தன. ஒப்படைத்த நாள் எது, ஏன் காத்திருந்தார்கள் என்ற கேள்வி அவர்களை விடாமல் தொடர்ந்தது. காத்திருப்பதற்கு நல்ல காரணமே இருந்தாலும், ஒளிபரப்பு நாளோடு அது ஒட்டிப்போனால் யாரும் நம்ப மாட்டார்கள். ஆதாரம் கையில் வந்த நாளிலேயே ஒரு வழக்கறிஞரிடம் எழுத்தில் பதிவுசெய்துவிடுவது என் அறிவுரை.

கத்திக் கதைக்கு ஒரு பின்பகுதி உண்டு, அது ‘யார் செய்தது’ என்ற கேள்வியை விரும்புபவர்களுக்கானது. மூன்று இளைஞர்கள் தவறாகத் தண்டிக்கப்பட்டார்கள் என்பதை நிறுவ முனைந்த அந்தப் படவரிசையின் இரண்டாம் பகுதி, 2000-இல் வெளிவந்தபோது, அதே வளர்ப்புத் தந்தையின் பக்கம் ஐயத்தை அழுத்தமாகச் சாய்த்தது. அவர்மீது ஒருபோதும் குற்றம் சாட்டப்படவில்லை. பிற்காலத்தில் அவரே அந்த மூவரும் குற்றமற்றவர்கள் என்று வெளிப்படையாகப் பேசினார். 2011 ஆகஸ்டில் மூவரும் விடுதலையானார்கள். அவர்களை விடுவிக்க உதவிய படங்கள், மகனை இழந்த ஒரு மனிதரைக் கொலைகாரராகப் பார்க்கவும் பலரைப் பழக்கியிருந்தன. சாட்சியத்தின் பலவீனத்தைக் காட்டியதோடு அந்தப் படம் நின்றிருக்கலாம். வெற்றிடமாகிவிட்ட குற்றவாளியின் இடத்தில் இன்னொருவரை உட்கார வைத்தே தீர வேண்டும் என்ற கட்டாயம் கதையிலிருந்து வந்தது, சட்டத்திலிருந்து வரவில்லை.

கடைசிவரிசை

கடைசிப் பத்தியை ஏற்றுக்கொள்கிறேன். ஆனால் எல்லாரும் இவ்வளவு நேர்மை பேசுகிறீர்களே, குற்றவாளியைப் பேச வைப்பது எப்படி? நாஜிகள் நடத்திய யூதப் படுகொலையைப் பற்றிய ‘ஷோவா’ படத்தில் இயக்குநர் குளோட் லான்ஸ்மன், திரெப்ளிங்கா வதைமுகாமில் பணியாற்றிய நாஜி அதிகாரி ஒருவரிடம் பெயரை வெளியிட மாட்டேன் என்று வாக்குக் கொடுக்கிறார். அந்த வாக்கையும் அந்தப் பெயரையும் சேர்த்தே படத்தில் காட்டுகிறார், மறைத்து வைத்த கேமராவால் படமும் எடுக்கிறார். அந்தப் பொய் இல்லாவிட்டால் அந்தச் சாட்சியம் நமக்குக் கிடைத்திருக்காது. அதுவும் தவறா?

வெட்டுமேசை

தவறா என்று கேட்டால், ஆம், வாக்குத் தவறியதுதான். செய்திருக்கக் கூடாதா என்று கேட்டால் என்னால் அப்படிச் சொல்ல இயலாது. அந்த ஏமாற்று எங்கே நிகழ்கிறது என்று பாருங்கள்: வெளியே நிற்கும் வண்டி, அதற்குள் தெளிவற்ற திரையைச் சரிசெய்யும் உதவியாளர்கள் என ஒட்டுக்கேட்கும் கருவிகள் அனைத்தையும் படம் நமக்குக் காட்டிவிடுகிறது. அவர் ஏமாற்றியது வதைமுகாம் அதிகாரியை, பார்வையாளரை அன்று. ‘தி ஜின்க்ஸ்’ வெட்டில் ஏமாந்தவர்கள் நாம். இவ்விரண்டையும் ஒரே தட்டில் வைக்க முடியாது.

ஒன்பது மணி நேரத்துக்கும் மேல் ஓடும் அந்தப் படத்தில் பழைய ஆவணக் காட்சி ஒன்றுகூட இல்லை என்பதையும் நிழற்படிவம் நினைவில் கொள்ளலாம். வாயு அறைக்குள் நுழையுமுன் பெண்களின் தலைமுடியை வெட்டும்படி பணிக்கப்பட்ட ஒருவரை, வாடகைக்கு எடுத்த முடிதிருத்தகத்தில் கத்தரிக்கோலோடு நிற்கவைத்துப் பேச வைக்கிறார். அதுவும் ஒருவகை மறுநடிப்பே. அவர் பேச்சை நிறுத்தி, தொடர முடியாது என்று கெஞ்சியபோதும் லான்ஸ்மன் விடவில்லை. அந்த இடம் எனக்கு இன்றும் ஒப்பவில்லை.

மூலப்படி

நண்பர் வெட்டுமேசையிடமிருந்து நான் மாறுபடுகிறேன். பார்வையாளருக்குத் தெரிந்தால் போதும் என்ற அளவுகோல், படத்துக்கு வெளியே வாழ்பவர்களை விட்டுவிடுகிறது.

ஜோஷுவா ஓப்பன்ஹைமரின் ‘தி ஆக்ட் ஆஃப் கில்லிங்’ இந்தோனேசியாவில் 1965–66-இல் நடந்த படுகொலைகளைப் பற்றியது. அவர் முதலில் தப்பிப் பிழைத்தவர்களோடுதான் படம் எடுக்கத் தொடங்கினார். இராணுவம் அவர்களை மிரட்டியதால் வேலை நின்றது. கொன்றவர்களோ பெருமையோடு பேசக் காத்திருந்தார்கள், தங்கள் கொலைகளைத் தாங்கள் விரும்பிய திரைப்பட பாணியில் நடித்துக்காட்டவும் செய்தார்கள். அங்கே ‘யார் செய்தது’ என்பதில் மறைபொருள் எதுவுமே இல்லை; செய்தவர் மேடையேறிச் சொல்கிறார், கேட்பவர் கைதட்டுகிறார். மர்மத்தின் இடத்தை வேறொன்று பிடித்துக்கொள்கிறது: இதை இவ்வளவு எளிதாகச் சொல்ல முடிகிற சமூகம் எப்படி உருவானது என்பது. நண்பர் கடைசிவரிசை தேடும் விறுவிறுப்பு அந்தப் படத்தில் குறைவாக இருந்ததாக யாரும் சொல்லி நான் கேட்டதில்லை.

ஆனால் 2012-இல் அது வெளிவந்தபோது இந்தோனேசியக் குழுவினர் பலரின் பெயர்கள் நிறைவுப் பட்டியலில் ‘பெயர் குறிப்பிடாதவர்’ என்றே வந்தன. 2014-இல் வந்த அடுத்த படத்தில், கொல்லப்பட்டவரின் தம்பியான கண்ணாடிப் பரிசோதகர், அண்ணனைக் கொன்றவர்களின் கண்களைச் சோதித்தபடியே அவர்களிடம் கேள்வி கேட்கிறார். படம் வெளியாகுமுன் அவருடைய குடும்பம் வேறிடத்துக்குக் குடிபெயர வேண்டியிருந்தது. படம் முடிந்ததும் இயக்குநர் ஊர் திரும்பிவிடுவார். பேசியவர் அதே தெருவில் இருப்பார். நிழற்படிவம் சொன்ன, பேச ஒப்புக்கொள்ளாத பேரப்பிள்ளைகளை நான் முதலில் நினைத்தது அதனால்தான்.

நிழற்படிவம்

அனைவருக்கும் நன்றி. கொன்றவராகக் கருதப்பட்டவரின் பெயர் படத்தின் முதல் ஐந்து நிமிடங்களிலேயே, ‘நீதிமன்றம் இவரை விடுவித்தது’ என்ற செய்தியோடு வந்துவிடும் என்று முதலீட்டாளருக்கு எழுதியிருக்கிறேன். அவர்கள் விலகினால் விலகட்டும். மறுநடிப்பைப் பொறுத்தவரை, சாட்சியங்களை நடிகர்கள் வாசிக்க மட்டும் செய்வது என்று நினைத்திருக்கிறேன்.

எனினும் ஓர் ஐயம் நீங்கவில்லை. கொன்றவர் பெயரும் தெரியும், அவர் இறந்தும் விட்டார், வழக்கும் முடிந்தது என்றால், இப்படிப்பட்ட படத்தால் ஆகக்கூடியது என்ன? பேச மறுக்கும் குடும்பத்தினரைத் தொந்தரவு செய்யும் அளவுக்கு அதில் பயன் உண்டா?

மூலப்படி

எம்மெட் டில் வழக்கு உங்கள் நிலைமைக்கு மிக நெருக்கமானது. 1955 ஆகஸ்டில் மிசிசிப்பியில் கொல்லப்பட்ட பதினான்கு வயதுச் சிறுவன் அவன். வெள்ளையர் மட்டுமே அடங்கிய ஜூரி, குற்றம் சாட்டப்பட்ட இருவரையும் சுமார் ஒரு மணி நேரத்தில் விடுவித்தது. 1956 ஜனவரியில் அந்த இருவரும் பணம் பெற்றுக்கொண்டு, தாங்களே கொன்றதாக ஓர் இதழுக்குச் சொன்னார்கள். ஒருமுறை விடுவிக்கப்பட்டவரை அதே குற்றத்துக்கு மீண்டும் விசாரிக்க முடியாது என்ற பாதுகாப்பு அவர்களுக்கு இருந்தது. ஆக, ‘யார் செய்தது’ என்பது ஐந்தே மாதங்களில் அச்சேறிவிட்டது.

அதன்பின் ஏறக்குறைய நாற்பது ஆண்டுகள் கழித்து இளம் இயக்குநர் கீத் போஷாம்ப் அந்த வழக்கை எடுத்துக்கொண்டார். சிறுவனின் தாயார் மேமி டில்-மோப்லியிடம் நெருங்கிப் பழகி, அவருடைய துணையோடு வேலை செய்தார். தாயார் 2003-இல் இறந்துவிட்டார். அந்த இருவரைத் தவிர வேறு யார் அங்கே இருந்தார்கள், நீதிமன்றம் அழைக்காமல் விட்ட சாட்சிகள் யார் என்பவையே போஷாம்ப் கேட்ட கேள்விகள். 2004-இல் அமெரிக்க நீதித்துறை விசாரணையை மீண்டும் தொடங்கியது. அதற்குத் தூண்டுதலானவற்றில் அவருடைய தேடலும் ஒன்று. 2005-இல் உடல் தோண்டி எடுக்கப்பட்டு, 1955-இல் செய்யப்படாமலே விடப்பட்ட பிரேதப் பரிசோதனை செய்யப்பட்டது. பல பத்தாண்டுகளாகக் காணாமற்போயிருந்த விசாரணைப் பதிவின் நகல் ஒன்றையும் எஃப்.பி.ஐ. கண்டெடுத்தது. 2007-இல், வழக்குத் தொடரலாமா என்று முடிவெடுக்கும் கிராண்ட் ஜூரி யார்மீதும் குற்றம் சாட்ட மறுத்துவிட்டது.

தண்டனை என்ற கணக்கில் பார்த்தால் அந்தத் தேடலுக்குக் கிடைத்தது பூஜ்யம். ஆனால் இறந்த சிறுவனின் உடலைப் பற்றி அரசே எழுதிய மருத்துவ அறிக்கையும், நீதிமன்றத்தில் யார் என்ன சொன்னார்கள் என்ற முழுப் பதிவும் அதற்கு முன் பொதுவெளியில் இல்லை, இப்போது இருக்கின்றன. கோப்பில் ஏறாமல் விடப்பட்டதை ஏற்றுவது ஒரு படத்தால் ஆகக்கூடிய வேலை. பேச மறுப்பவர்களை வற்புறுத்தாதீர்கள். பேசியவர்களின் நேர்காணலை முழுமையாக, வெட்டாமல், ஒரு காப்பகத்தில் சேர்த்துவிடுங்கள். லான்ஸ்மன் படத்தில் இடம்பெறாத இருநூறு மணி நேரத்துக்கும் மேற்பட்ட பதிவுகள் இன்று வாஷிங்டனிலுள்ள அருங்காட்சியகத்தில் ஆய்வாளர்களுக்குக் கிடைக்கின்றன. படத்தைவிட அவற்றையே அதிகம் பயன்படுத்தும் ஆய்வாளர்களை நான் அறிவேன். குடும்பத்தினர் விரும்பினால் குறிப்பிட்ட ஆண்டுகள்வரை திறக்கக் கூடாது என்ற நிபந்தனையையும் விதிக்கலாம்.

குறுக்குவிசாரணை

அந்த நிபந்தனையைப் பற்றி ஓர் எச்சரிக்கை. வட அயர்லாந்து மோதலில் ஈடுபட்டவர்களின் வாய்மொழி வரலாற்றை, அவர்கள் இறக்கும்வரை வெளியிடுவதில்லை என்ற உறுதியோடு பாஸ்டன் கல்லூரி பதிவுசெய்து வைத்திருந்தது. பழைய கொலை ஒன்றின் விசாரணைக்காக அந்த ஒலிநாடாக்கள் 2011-இல் கேட்கப்பட்டன. வழக்காடிப் பார்த்தும், ஒரு பகுதி 2013-இல் வட அயர்லாந்துக் காவல்துறையின் கைக்குப் போய்ச் சேர்ந்தது. பேசியவர்கள் நம்பிய உறுதியைக் கொடுத்தவர்களால் காப்பாற்ற முடியவில்லை.

எனவே ஒப்புதல் படிவத்தில் ‘யாருக்கும் தர மாட்டோம்’ என்று எழுதாதீர்கள். ‘சட்டம் அனுமதிக்கும் அளவுக்கு’ என்று எழுதி, அதன் பொருளைப் பேசுபவரிடம் நேரில் விளக்கி, அந்த விளக்கத்தையும் பதிவுசெய்யுங்கள். உயிரோடு இருக்கும் ஒருவர்மீது குற்றம் சாட்டக்கூடிய செய்தியை யாரேனும் சொல்லத் தொடங்கினால், கேமராவை நிறுத்திவிட்டு, தொடருமுன் தனியாக ஒரு வழக்கறிஞரிடம் பேசுகிறாரா என்று கேளுங்கள். சிலர் அத்தோடு எழுந்து போய்விடுவார்கள். அதற்கும் சேர்த்தே படப்பிடிப்பு நாட்களைத் திட்டமிட வேண்டும்.